தம்பலகாமம் ஸ்டேசன் யாருக்காக வந்தது, இப்ப யாருக்கு உதவுது?

மலர்க்குழு_தம்பை எழுதியது:

வணக்கம் எல்லாருக்கும். திருகோணமலைப் பக்கம் நம்மட தம்பலகாமம் ஊரில ஒரு மலர்ப் புத்தகம் போடுறம். ஆதிகோணநாயகர் கோயில், வயல், வாய்க்கால், பள்ளிக்கூடம், கூத்து எல்லாத்துக்கும் கட்டுரை வந்து சேர்ந்திட்டுது. ஸ்டேசனைப் பற்றி எழுத மட்டும் ஒருத்தரும் முன்வரல்ல. "ஒரு பிளாட்போமும் ஒரு டிக்கட் யன்னலும், அதில எழுத என்ன கிடக்கு, அரைப்பக்கம் காணும்" எண்டு குழுவில ஒருத்தர் சொல்லிப்போட்டார். எனக்கு மனம் ஒப்பல்ல. எப்ப வந்தது, ஏன் வந்தது, என்னென்ன நடந்தது, இப்ப அது ஊருக்குத் தேவையா எண்டு தெரிஞ்சவங்க எழுதுங்க. ஊர்க்கதையும் வேணும், ஆனா கதையைக் கதை எண்டு சொல்லித் தாங்க.

குடாக்கரை எழுதியது:

இதுக்கு ஏன் ஆராய்ச்சி? வெள்ளைக்காரன் இரண்டாம் உலக யுத்தத்துக்குப் போட்ட பாதை தம்பி. சீனக்குடாவில எண்ணெய்க் குதம், பக்கத்தில விமானத் தளம், துறைமுகம். மூண்டுக்கும் சாமான் ஏத்திறக்கத்தான் தண்டவாளம் போட்டான். போற வழியில தம்பலகாமம் இருந்ததால ஒரு ஸ்டேசன். யுத்தம் முடிஞ்சு அவன் போனான், பாதை எங்களுக்கு மிஞ்சிச்சு. எங்கட அப்பு சொன்ன கதை இது.

ஆவணப்பூனை எழுதியது:

குடாக்கரை அண்ணே, ஆண்டு இடிக்கிறது. திருகோணமலைக்கு ரயில் வந்தது 1927இல். மட்டக்களப்புக்கு அதற்கடுத்த வருடம், 1928. ஜப்பான்காரன் சீனக்குடாவில் குண்டு போட்டது 1942 ஏப்ரல் 9. பதினைந்து வருடம் கழித்து வந்த யுத்தத்துக்காக யாரும் பாதை போடவில்லை.

எண்ணெய்க் குதங்களுக்காக வந்தது என்பதும் பொருந்தாது. அந்த எண்ணெய் கடற்படைக் கப்பல்களுக்கானது. கப்பலில் வந்தது, குழாயில் ஏறியது, திரும்பக் கப்பலுக்கே போனது. அதற்குக் கிராமத்து ஸ்டேசன் எதற்கு?

சரியான கேள்வி வேறு என்று நினைக்கிறேன். காங்கேசன்துறைக்கு ரயில் 1905இல் போய்விட்டது, தலைமன்னாருக்கு 1914இல். உலகமே புகழ்ந்த இயற்கைத் துறைமுகம் உள்ள திருகோணமலை ஏன் 1927 மட்டும் காத்துக் கிடந்தது? யாழ்ப்பாணத்தில் சனம் இருந்தது, புகையிலை இருந்தது, கொழும்பில் வேலைக்குப் போகும் கூட்டமும் இருந்தது. தலைமன்னாரில் இந்தியாவுக்குப் படகு இருந்தது. இங்கே மாகோவைத் தாண்டினால் காடு, கைவிடப்பட்ட குளங்கள், மலேரியா. கொழும்புத் துறைமுகம் வளர்ந்த பிறகு வியாபாரக் கப்பல்களுக்கும் திருகோணமலை அவசியப்படவில்லை. வரண்ட பிரதேசத்தைத் திறந்து குடியேற்றி நெல் விளைவிக்க வேண்டும் என்ற எண்ணம் அரசுக்கு வலுத்த காலத்தில்தான் கிழக்குக்கான பாதை வருகிறது.

குடாக்கரை எழுதியது:

ஆண்டை நீங்க வச்சுக்கொள்ளுங்க. பாதை வந்த பிறகு அதில ஓடினது என்ன? யுத்தம் வந்த உடனே பட்டாளமும் சாமானும்தானே. ஏப்ரல் 9ஆந் திகதி ஜப்பான் விமானம் ஒண்டு எண்ணெய்க் குதத்தில போய் விழுந்து நாட்கணக்கா எரிஞ்சது. ஊர்ச்சனம் பெட்டி படுக்கையைக் கட்டிக்கொண்டு வெளிக்கிட்டது எண்டு எங்கட வீட்டில எப்பவும் கதைப்பாங்க. பாதையைப் பிறப்பிச்சது யுத்தமில்லாட்டியும் வளர்த்தது யுத்தம்தான்.

ஆவணப்பூனை எழுதியது:

அதை இரண்டாவது பந்தியாகப் போடலாம். முதல் பந்தி 1927.

லண்டன்_திருமலை எழுதியது:

ஒரு சந்தேகம். திருகோணமலைக்கு வாற பாதை கல்லோயாச் சந்தியில பிரியுது எண்டு சொல்லுவாங்க. கல்லோயா அம்பாறைப் பக்கம் அல்லவா? டி.எஸ். சேனநாயக்கா கட்டின பெரிய குளம், கரும்பு... அங்க எப்ப ரயில் போச்சுது?

பழைய_கார்ட் எழுதியது:

அது வேற கல்லோயா, ராசா. அம்பாறைக் கல்லோயாவில கோச்சியே இல்லை. நம்மட கல்லோயாச் சந்தி ஹபரணைக்கும் மின்னேரியாவுக்கும் இடையில காட்டுக்குள்ள கிடக்கு. கொழும்பில இருந்து வந்தால் பொல்காவலை, குருநாகல், மாகோ. மாகோவில வடபாதையை விட்டுப் பிரிஞ்சு கெக்கிராவை, ஹபரணை, கல்லோயா. அதில இருந்து வலப்பக்கம் மட்டக்களப்பு, இடப்பக்கம் நம்மட பக்கம். கல்லோயாவில இருந்து திருகோணமலை ஏறக்குறைய 70 கிலோமீட்டர். அக்போபுர, கந்தளாய், முள்ளிப்பொத்தானை, தம்பலகாமம், சீனக்குடா, பிறகு ரவுண். இடையில இன்னும் சின்ன தரிப்புகள் உண்டு.

நான் இந்தப் பாதையில கோச்சிக் கார்ட்டா வேலை செய்து பென்சன் எடுத்தவன். மலர்க்குழுப் பிள்ளை கேட்டது நல்ல கேள்வி. அரைப்பக்கம் காணும் எண்டு சொன்னவருக்கு ஒரு சங்கதி சொல்ல வேணும். சாப்பிட்டிட்டு வந்து எழுதுறன்.

உப்புவெளி_பையன் எழுதியது:

சாப்பிட்டிட்டு வாறதுக்குள்ள நான் சண்டையைத் தொடங்குறன். :) இந்தக் காலத்தில இந்த ஸ்டேசன்கள் தேவையா? கண்டி வீதி காப்பட்டுப் போட்டுக் கிடக்கு. தம்பலகாமச் சந்தியில நிண்டால் கொழும்பு பஸ், கண்டி பஸ், கந்தளாய் பஸ் மாறி மாறி வருது. ஏசி பஸ்ஸில ஏறினால் நித்திரை முடியமுன்னம் கொழும்பு. கோச்சி ஒரு ராத்திரி முழுக்க உருளும். டிக்கட் வித்த காசு அந்த ஸ்டேசனில வேலை செய்றவங்கட சம்பளத்துக்கே காணாது. நட்டத்தில ஓடுற சாமானைப் பாரம்பரியம் எண்டு கட்டிப் பிடிக்கிறதில எனக்கு விருப்பமில்லை.

வயல்காரி எழுதியது:

தம்பி, உங்களுக்கு வயசு காணாது. மகரகமைக்கு ஆளைக் கூட்டிக்கொண்டு போயிருக்கிறீங்களா? எங்கட அம்மாவுக்குப் புற்றுநோய் எண்டு சொன்ன நாளில இருந்து அபேக்ஷா ஆஸ்பத்திரிக்குத்தான் அலைச்சல். ஊசி போட்ட உடம்போட பஸ்ஸில இருத்த ஏலாது. வாந்தி வரும், காலை நீட்ட வேணும், மலசலகூடம் வேணும். பஸ்காரனிட்ட எத்தினை தரம் நிப்பாட்டச் சொல்லிக் கேட்கிறது? இரவு மெயில் கோச்சியில ஒரு சீற்றைப் பிடிச்சால் அம்மா சரிஞ்சு படுப்பா, நான் காலடியில இருப்பன். விடியக் கோட்டையில இறங்கினால் அங்கேயே களனிப் பள்ளத்தாக்குப் பாதைக் கோச்சி மகரகமைக்குப் போகும். பஸ்ஸும் உண்டு. சீனி வருத்தக்காரர் உள்ள எல்லா வீட்டிலயும் கேட்டுப் பாருங்க, கோச்சியில முதல் பார்க்கிறது மலசலகூடம் இருக்கிறதைத்தான். இதை மலரில போடுறதுக்கு வெக்கப்படாதீங்க.

கிண்ணியா_நானா எழுதியது:

தங்கச்சி சொல்றது நூத்துக்கு நூறு. உம்மாவுக்கு அல்லாஹ் சுகத்தைக் கொடுக்கட்டும்.

நம்மட ஆக்களுக்கு அந்தக் காலம் கோச்சி எண்டால் கொழும்பு வியாபாரம். வாப்பா கருவாடும் தயிர்ச்சட்டியும் கட்டி அனுப்புவார். சீனக்குடாவில பார்சலாப் போட்டால் விடியக் கோட்டையில ஆள் நிண்டு எடுக்கும். துண்டுச்சீட்டு ஒண்டுதான் கையில. முள்ளிப்பொத்தானை ஆக்கள் 96ஆம் மைல்கட்டையில நெல்லை வண்டிலில ஏத்திக்கொண்டு வருவாங்க. பெரும்போகம் வெட்டின கையோட ஸ்டேசன் முத்தத்தில மூட்டைதான், ஆள் நடக்க இடமிராது எண்டு வாப்பா சொல்லுவார்.

மலர்க்குழு_தம்பை எழுதியது:

நானா, இது பொன்னான தகவல். வயல்காரி அக்கா, உங்கட பதிவை உங்கட பேர் போடாமல் எடுக்கலாமா?

வயல்காரி எழுதியது:

எடுங்க. பேர் வேண்டாம்.

பழைய_கார்ட் எழுதியது:

வந்திட்டன். உப்புவெளித் தம்பியின்ர கணக்கில ஒரு பெரிய ஓட்டை இருக்கு. ஸ்டேசன் எண்டால் டிக்கட் விக்கிற கடை எண்டு நினைக்கிறார். நான் சொல்லுறதைக் கொஞ்சம் பொறுமையா வாசிக்க வேணும்.

நம்மட பாதை ஒற்றைப் பாதை. போறதும் அதில, வாறதும் அதில. ரெண்டு கோச்சி நேருக்கு நேர் வராமல் பார்க்கிறது எப்படி? அதுக்குத்தான் டப்லட். கையளவு வட்டத் தகடு, அதில ரெண்டு ஸ்டேசன் பேரும் வெட்டியிருக்கும். பக்கத்துப் பக்கத்து ஸ்டேசன் ரெண்டிலயும் ஒவ்வொரு மெசின், ரெண்டுக்கும் இடையில கம்பித் தொடுப்பு. இந்தப் பக்க ஸ்டேசன் மாஸ்டர் மணியடிச்சுக் கேட்பார், அந்தப் பக்க மாஸ்டர் பாதை வெறுமையா இருந்தால் சம்மதம் குடுப்பார். அப்பத்தான் இங்க மெசின் ஒரு தகட்டை விடும். ஒரு தகடு வெளியில வந்தால் ரெண்டு மெசினும் பூட்டு. அந்தத் தகடு ஏதாவது ஒரு பக்கத்தில திரும்ப உள்ளுக்குப் போகும் வரைக்கும் ராசா வந்து கேட்டாலும் அடுத்தது வராது. தகட்டைத் தோல் பையில போட்டு, பெரிய வளையத்தில மாட்டி ட்ரைவருக்குக் குடுக்கிறது. அது கையில இல்லாமல் ட்ரைவர் ஒரு அடி எடுத்து வைக்கக்கூடாது. நிக்காத கோச்சி எண்டால் மாஸ்டர் பிளாட்போமில வளையத்தைத் தூக்கிப் பிடிச்சுக்கொண்டு நிப்பார், இஞ்சினில இருந்து கையை விட்டுக் கொழுவி எடுப்பாங்க. பழையதை எறிஞ்சு விடுவாங்க. மழை இருட்டில அதைச் செய்யிறது விளையாட்டில்லை. கை தப்பினால் தோளை உரிச்சுக்கொண்டு போகும்.

இப்ப கேளுங்க. மாஸ்டரும் மெசினும் ரெண்டாவது தண்டவாளமும் உள்ள ஒரு ஸ்டேசனை மூடினால், இந்தப் பக்க ஸ்டேசனில இருந்து அந்தப் பக்க ஸ்டேசன் வரைக்கும் ஒரே துண்டாப் போயிரும். அவ்வளவு தூரத்திலயும் ஒரு நேரத்தில ஒரு கோச்சிதான். எதிர்க்கோச்சி தூரத்து ஸ்டேசனில காய வேணும். கூட்ஸ் (சாமான் கோச்சி) ஒண்டு விட நினைச்சால் பயணிக் கோச்சிக்குச் சுணக்கம். டிக்கட் வித்த காசைப் பார்த்து மூடுறவன், பிறகு கோச்சி ஏன் பிந்துது எண்டு விசாரணைக் குழு போடுவான்.

ஒரு டிக்கட்டும் விக்காத நாளிலயும் சின்ன ஸ்டேசன் வேலை செய்யுது தம்பி. அங்க இறங்காத ஆளுக்கும் சேர்த்து.

உப்புவெளி_பையன் எழுதியது:

ஐயா, நல்லா விளங்கிச்சு, நன்றி. ஆனா அது பழைய மெசினுக்கான நியாயம். கலர் லைட் சிக்னல் போட்டுத் தூரத்தில இருந்து இயக்கினால் மாஸ்டரும் வேண்டாம், வளையமும் வேண்டாம். ரெண்டாவது தண்டவாளம் மட்டும் காணும். அப்ப கட்டடத்துக்கு என்ன வேலை?

பழைய_கார்ட் எழுதியது:

அதைப் போடட்டும், நான் கை தட்டுவன். ஓடாத இடத்தில முதல் போட மாட்டாங்க, முதல் போடாத இடத்தில ஓடாது. உங்கட கேள்விக்குப் பதில் அந்தச் சுழிக்குள்ள கிடக்கு.

சீனக்குடா_வாசி எழுதியது:

கூட்ஸ் எண்டு ஐயா சொன்னதால நான் நுழையிறன். சீனக்குடாவைப் பார்க்காமல் தம்பலகாமத்தை விளங்க ஏலாது. பிறீமா மா ஆலை இங்க 1980இல வேலை தொடங்கிச்சு. கோதுமை கப்பலில நேரா ஆலைக்கு வரும், அரைச்ச மா நாடு முழுக்கப் போக வேணும். அதில ஒரு பங்கு தண்டவாளத்தில போச்சுது. பிறகு டோக்கியோ சீமெந்து ஆலை. நாங்க பள்ளிக்கூடம் போற காலத்தில மா ஏத்தின பெட்டிகளை எண்ணிக்கொண்டு கேற்றடியில நிப்பம், வீட்டில ஏன் பிந்தினது எண்டு கேட்டால் சாட்டு ரெடி. இந்தக் கூட்ஸ் எல்லாம் தம்பலகாமத்தைத் தாண்டித்தானே போக வேணும். அங்க நிப்பாட்டி, மெயிலை விட்டு, பிறகு இதை விடுறது.

இப்ப மாவும் சீமெந்தும் பெரும்பாலும் லொறியில. வீதியின்ர நிலையைப் பார்த்தாலே விளங்கும். எண்ணெய்க் குதத்தில இன்னும் 99 தாங்கி நிக்குது. அதில இந்திய எண்ணெய்க் கொம்பனியின்ர கிளை லங்கா ஐஓசி ஒரு பகுதியை எடுத்திருக்கு, 2022 தையில திரும்பவும் ஒப்பந்தம் எழுதினாங்க. துறைமுகத்தையும் அந்தக் குதத்தையும் உண்மையா எழுப்பப் போறாங்க எண்டால் முதல் கை வைக்க வேண்டியது இந்த 70 கிலோமீட்டரிலதான். பேச்சில வாறது முழுக்கக் குழாயும் கப்பலும். தண்டவாளத்தை ஒருத்தரும் வாயில எடுக்கக் காணல்ல.

லண்டன்_திருமலை எழுதியது:

எனக்கு ஞாபகம் இருக்கிறது கல்லோயாவில பெட்டி மாத்தின கூத்துத்தான். பகலில எண்டால் உதயதேவி மட்டக்களப்புக்குப் போகும், நாங்க கல்லோயாவில குதிச்சு மற்றக் கோச்சிக்கு ஓட வேணும். இரவில மட்டக்களப்புப் பெட்டியும் நம்மட பெட்டியும் ஒண்டா வந்து கல்லோயாவில கழட்டுவாங்க. நித்திரையில பிழையான பெட்டியில கிடந்தவன் விடியப் பொலன்னறுவையைப் பார்ப்பான். எங்கட மாமா ஒருத்தர் பெண் பார்க்கப் போன பயணத்தில அப்படிப் போய் இறங்கி, சம்பந்தமே குழம்பிப் போச்சு.

கிண்ணியா_நானா எழுதியது:

உங்கட மாமா தப்பினார் எண்டு சொல்லுங்க. :)

ரயில்பஸ்ஸையும் மறக்காதீங்க. ரெண்டு பஸ் உடம்பை முதுகோட முதுகு கட்டித் தண்டவாளத்தில விட்டது. கல்லோயாப் பக்கம் அதில ஏறி இறங்கின ஆக்கள் கொடுத்து வச்சவங்க, குலுக்கத்துக்கு டொக்டரே தேவையில்லை.

மட்டுறுத்துநர் எழுதியது:

இழை நல்லாப் போகுது. வடபாதையையும் இதையும் ஒப்பிட்டு அரசியல் எழுதின ரெண்டு பதிவை எடுத்திட்டம். வடபாதை 1990இல அறுந்து, யாழ்ப்பாணத்துக்குக் கோச்சி திரும்ப வந்தது 2014இல. அதுக்கு வேற இழை இருக்கு, அங்க போய் எழுதுங்க.

முன்மாரித்திடல் எழுதியது:

நான் ஊரில இருக்கிறவன். ஒரு விசயம் சொல்லட்டா? தம்பலகாமம் எண்டால் ஒரு தெரு, ஒரு சந்தி இல்லை. வயலுக்கு நடுவில திடல் திடலாக் கிடக்கிற ஊர். கந்தளாய்க் குளத்துத் தண்ணி பாயிற வயல் முழுக்கச் சுத்திவர. தண்டவாளம் எங்கட வசதிக்கு வளைஞ்சு வரல்ல, அது துறைமுகத்துக்குப் போற அவசரத்தில போகுது. திடலில இருக்கிறவனுக்குச் சந்திக்கு வாறதும் ஸ்டேசனுக்கு வாறதும் ஒரே பாடு. சந்தியில பஸ் நாள் முழுக்க வரும், கோச்சி விரல் விட்டு எண்ணுற அளவு. அதால சனம் பஸ்ஸுக்குப் போச்சு. விடியச் சாமத்தில இறங்கினால் ஓட்டோ கிடையாது, வீட்டில ஆரும் மோட்டார்சைக்கிள் கொண்டு வர வேணும். இதையும் மலரில எழுதத்தான் வேணும். எல்லாம் புகழ்ந்து எழுதினால் ஊர்ச்சனமே சிரிக்கும்.

ஆனா ஸ்டேசனில ஒரு ஒழுங்கு இருக்கு. வாத்தியார்மார், கந்தோர்க்காரர், பென்சன்காரர் வொறண்டைக் (காசுக்குப் பதிலா அரசாங்கம் குடுக்கிற பயணச் சீட்டு) கொண்டுவந்து நீட்டுவாங்க. சீற்றுக் கிடைச்சுதா இல்லையா எண்டதில தொடங்கி நெல்லு விலை வரைக்கும் அங்கதான் கதை. பழைய அட்டை டிக்கட்டில திகதி குத்துற சத்தம் கேட்கிறதுக்கு எண்டே சின்னனில போவம்.

உப்புவெளி_பையன் எழுதியது:

இப்ப யானைப் பிரச்சினை வேற. 2025 மாசி 20ஆந் திகதி கல்லோயா–மின்னேரியாப் பக்கம் மட்டக்களப்புக் கோச்சி அடிச்சு ஆறு யானை செத்தது. அதுக்குப் பிறகு இரவில வேகத்தைக் குறை, நேரத்தை மாத்து எண்டு ஒரே கெடுபிடி. நியாயம்தான், யானையைக் கொல்லச் சொல்ல ஏலாது. ஆனா ஏற்கனவே பிந்துற கோச்சி இன்னும் பிந்துது.

பழைய_கார்ட் எழுதியது:

ஹபரணையில இருந்து கந்தளாய் வரைக்கும் இரவில இஞ்சினில நிக்கிறவன் தண்டவாளத்தைப் பார்க்கிறதில்லை, ரெண்டு பக்கத்துப் பத்தையைத்தான் பார்க்கிறது. வளைவில யானைக் கூட்டம் நிண்டால் லைட் பட்டுத் தெரியிற தூரத்துக்குள்ள நிப்பாட்ட ஏலாது. பாரம் அப்படி. பிரேக்கை இழுத்தாலும் பெட்டி முழுக்கப் பின்னால தள்ளிக்கொண்டு வரும். வேகத்தைக் குறைக்கிறதைத் தவிர ட்ரைவருக்கு வேற மருந்தில்லை. ட்ரைவரைப் பேசாதீங்க.

போறவங்களுக்கு ஒரு புத்தி: பழைய நேரசூசியை நம்பி வெளிக்கிடாதீங்க. எந்தக் கோச்சி தம்பலகாமத்தில நிக்கும் எண்டு முதல் நாளே ஸ்டேசனில கேட்டிருங்க. அரசாங்கத் தகவல் நிலையத்தின்ர 1919 இலக்கத்துக்கு எடுத்தாலும் தமிழில சொல்லுவாங்க.

ஆவணப்பூனை எழுதியது:

மலர்க்குழுவுக்கு: ஸ்டேசன் திறந்த நாள், ஆரம்பத்தில் என்ன தரம், கூட்ஸ் எப்போது நின்றது, இவற்றை இந்த இழையின் வாய்ப்பேச்சை வைத்து அச்சிடாதீர்கள். கொழும்பு 7இல் தேசிய சுவடிகள் காப்பகத்தில் பழைய இலங்கை அரசாங்கப் புகையிரதப் பொது முகாமையாளரின் வருடாந்த நிர்வாக அறிக்கைகளைக் கேளுங்கள். நில அளவைத் திணைக்களத்தின் பழைய ஓரங்குல வரைபடமும் உதவும். பாதைக்கு முந்தின வண்டிப்பாதை, வாய்க்கால் எல்லாம் அதில் தெரியும்.

கொழும்புக்குப் போக முடியாவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது, 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கம். ஆர்டிஐ 01 படிவத்தைத் தமிழிலேயே நிரப்பிப் புகையிரதத் திணைக்களத்தின் தகவல் அதிகாரிக்கு அனுப்பலாம். தருவார்களா மாட்டார்களா என்ற முடிவை 14 வேலை நாளுக்குள் சொல்ல வேண்டும். "ஸ்டேசன் வரலாறு தாருங்கள்" என்று மொட்டையாகக் கேட்டால் ஒன்றும் வராது. கடந்த ஐந்து வருடத்தில் வருடவாரியாக விற்ற டிக்கெட், ஏற்றுக்கொண்ட வொறண்ட், கடந்து போன கூட்ஸ் ரயில்கள், இப்போதுள்ள ஆளணி என்று பிரித்துக் கேளுங்கள். வொறண்டை மறக்காதீர்கள். அதில் பயணம் செய்கிறவர் யன்னலில் காசு கொடுப்பதில்லை. வருமானத்தை மட்டும் பார்க்கிற கணக்கில் அவர் வரவே மாட்டார்.

உப்புவெளி_பையன் எழுதியது:

அந்தப் பதில் வந்தால் இங்கேயும் போடுங்க. கடந்து போன கூட்ஸ் எத்தினை எண்டு எனக்கும் பார்க்க வேணும். இலக்கம் கார்ட் ஐயா பக்கம் நிண்டால் நான் பஸ்ஸில இருந்து வாழ்த்துச் சொல்லுறன்.

குடாக்கரை எழுதியது:

யுத்தப் பந்தி மறந்திராதீங்க. 1942. எங்கட அப்பு கண்ணால கண்டவர்.

மலர்க்குழு_தம்பை எழுதியது:

மறக்கல்ல அண்ணே, ரெண்டாவது பந்தி உங்களுக்குத்தான். அரைப்பக்கம் எண்டு சொன்னவருக்கு இந்த இழையை அனுப்பினன், நாலு பக்கம் தாறன் எண்டிட்டார். படிவத்தை நாளைக்கு நிரப்பப் போறம். கார்ட் ஐயா, டப்லட் பற்றி நீங்க எழுதினதை அப்படியே போடலாமா? படமும் வேணும்.

பழைய_கார்ட் எழுதியது:

போடுங்க. மெசினைப் படம் எடுக்கிறதெண்டால் மாஸ்டரிட்டக் கேட்காமல் அறைக்குள்ள போகாதீங்க, பிள்ளைகள் தொட்டுப் பார்க்கிற சாமான் இல்லை அது. எழுத்தில கடிதம் குடுத்துப் போங்க. மிச்சக் கதை கேட்க வேணுமெண்டால் ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் வீட்டுக்கு வாங்க, தனிமடலில விலாசம் தாறன். கேள்வியைத் தாளில எழுதிக்கொண்டு வரவேணும். என்னை என்ர பாட்டில கதைக்க விட்டால் நீங்க தம்பலகாமத்தில தொடங்குவீங்க, நான் மாகோவில போய் நிப்பன்.